பன்னிரண்டாம் எண் பனியன்: வாசகர் கேள்விகளும் ஓர் உடற்கல்வி ஆசிரியரின் பதில்களும்

சென்ற இதழில் ஒரு கேள்விக்குப் பதில் எழுதும்போது மாரிஸ் ஸ்டோக்ஸ் என்ற அமெரிக்கக் கூடைப்பந்து வீரரின் பெயரைப் போகிற போக்கில் குறிப்பிட்டிருந்தேன். அவரைப் பற்றிக் கேட்டு வந்த கடிதங்கள் மேசையில் ஒரு கட்டாகக் கிடக்கின்றன. ஆகவே இந்த முறை முழுப் பகுதியும் அவருக்கே. பெயர் வெளியிட வேண்டாம் என்று சிலர் கேட்டிருப்பதால் யாருடைய பெயரையும் போடவில்லை.

கேள்வி (கல்லூரி மாணவி): சிறந்த சக வீரருக்கு, அமெரிக்கத் தொழில்முறைக் கூடைப்பந்து லீகான என்.பி.ஏ. ஒவ்வோர் ஆண்டும் 'ட்வைமன்–ஸ்டோக்ஸ்' விருது தருகிறது. ட்வைமன் என்ற நல்ல மனிதர் படுக்கையில் விழுந்த தன் நண்பரைப் பார்த்துக்கொண்டார் என்று மட்டும் எல்லா இடத்திலும் படிக்கிறேன். சரி, ஸ்டோக்ஸ் யார்?

பதில்: இந்தக் கேள்விக்காகத்தான் நான் பல ஆண்டுகளாகக் காத்திருந்தேன், மகளே. ஸ்டோக்ஸ் என்றதும் ஒரு கட்டிலும் அதன் அருகே ஒரு நல்ல நண்பரும்தான் எல்லோருக்கும் நினைவுக்கு வருகிறார்கள். அந்தக் கட்டிலுக்கு முன்னால் ஒரு வாழ்க்கை இருந்தது. அதிலிருந்து தொடங்குகிறேன்.

1933 ஜூன் 17 அன்று, பென்சில்வேனியா மாநிலத்தில் பிட்ஸ்பர்க் நகரை ஒட்டிய ரேங்கின் என்ற ஊரில் பிறந்தார். எஃகு ஆலைகளை நம்பி வாழ்ந்த ஊர் அது. அப்பா ஆலைத் தொழிலாளி, அம்மா வீட்டு வேலை செய்தவர். மாரிஸுக்கு எட்டு வயதானபோது குடும்பம் பிட்ஸ்பர்க்கின் ஹோம்வுட் பகுதிக்குக் குடிபெயர்ந்தது. அங்கே வெஸ்டிங்ஹவுஸ் உயர்நிலைப் பள்ளியில் படித்தார். என்.பி.ஏ. அணி ஒன்று தேர்ந்தெடுத்த முதல் கறுப்பின வீரரான சக் கூப்பர் படித்த பள்ளியும் அதுதான்.

ஆனால் ஸ்டோக்ஸ் அந்தப் பள்ளியில் நுழைந்ததும் நட்சத்திரமாகிவிடவில்லை. முதல் இரண்டு ஆண்டுகள் தொடக்க ஐவரில் அவருக்கு இடமே கிடைக்கவில்லை. முப்பத்தோர் ஆண்டுகள் பள்ளிப் பிள்ளைகளை ஆடவைத்தவன் என்ற முறையில் இந்தத் தகவல் எனக்கு மிகவும் பிடித்தமானது. பெஞ்சில் உட்கார்ந்திருக்கும் பையன் அடுத்த ஆண்டு ஓரடி வளர்ந்து வந்து நிற்பான். அதுவரை அவன் மனம் உடையாமல் பார்த்துக்கொள்வதுதான் ஆசிரியரின் வேலை. ஸ்டோக்ஸ் கடைசி இரண்டு ஆண்டுகளில் வளர்ந்து நின்றார். பள்ளி அணி நகரச் சாம்பியன் ஆனது.

கேள்வி (ஓய்வுபெற்ற தலைமையாசிரியர்): அவர் கல்லூரி ஆட்டக்காரராக இருந்த காலத்தைப் பற்றி எழுதுங்கள். அவ்வளவு திறமை இருந்தும் பெரிய பல்கலைக்கழகத்துக்கு ஏன் போகவில்லை?

பதில்: உயர்நிலைப் பள்ளி முடிக்கும்போது அவர் நாடறிந்த பெயர் இல்லை, ஐயா. அலகேனி மலைத்தொடரில், லொரெட்டோ என்ற மிகச் சிறிய ஊரில், பிரான்சிஸ்கன் துறவிகள் நடத்திய செயின்ட் பிரான்சிஸ் கல்லூரியில் 1951-இல் சேர்ந்தார். சில நூறு மாணவர்கள் படித்த கல்லூரி அது. ஆலைப் புகை சூழ்ந்த நகரத்திலிருந்து மலைக்கு வந்த ஒரு கறுப்பின இளைஞன், பெரும்பாலும் வெள்ளையர்களே படித்த இடத்தில் நான்கு ஆண்டுகள் வாழ்ந்தான். அந்த இடத்தை அவர் எவ்வளவு நேசித்தார் என்பதற்கு அவர் கடைசியாகச் சொன்ன விருப்பமே சாட்சி. அதைப் பின்னால் சொல்கிறேன்.

கல்லூரியில் அவர் எடுத்த எண்ணிக்கைகளைப் பாருங்கள். நான்கு ஆண்டுகளில் 2,282 புள்ளிகள், 1,819 ரீபவுண்டுகள். ரீபவுண்டு என்றால் என்ன என்று ஒரு வாசகி தனியாகக் கேட்டிருக்கிறார். குறி தவறி, வளையத்திலோ பலகையிலோ பட்டுத் திரும்பும் பந்தைத் துள்ளிப் பிடிப்பதுதான் ரீபவுண்டு. யாருக்கும் சொந்தமில்லாத பந்தைத் தன்னுடையதாக்கிக்கொள்ளும் வேலை. கைதட்டல் குறைவு, முழங்கை இடி அதிகம். கல்லூரியின் கடைசி ஆண்டில் ஸ்டோக்ஸ் ஓர் ஆட்டத்துக்குச் சராசரியாக 27 புள்ளிகள் எடுத்ததோடு, 26 முறை அந்த இடியையும் வாங்கியிருக்கிறார்.

அவருடைய கல்லூரி வாழ்க்கையின் உச்சம் 1955 மார்ச்சில் வந்தது. நியூயார்க்கின் மேடிசன் ஸ்கொயர் கார்டனில் நடக்கும் என்.ஐ.டி. போட்டி, கல்லூரி அணிகளுக்கு அன்று மிகப் பெரிய கௌரவம். நாட்டின் முக்கியப் பத்திரிகைகள் எல்லாம் கூடியிருக்கும் நகரத்தில், தலைக்கு மேல் புகை மண்டிய அந்தப் பெரிய அரங்கில் ஆடினால்தான் பெயர் வெளியே தெரியும். மலையூர்க் கல்லூரி அங்கே போய் அரையிறுதி வரை முன்னேறியது. டேட்டன் அணிக்கு எதிரான அரையிறுதி கூடுதல் நேரம் வரை நீண்டு, கடைசியில் தோல்வியில் முடிந்தது. அந்த ஆட்டத்தில் ஸ்டோக்ஸ் மட்டும் 43 புள்ளிகள் எடுத்தார்.

மூன்றாம் இடத்துக்கான ஆட்டத்திலும் தோல்விதான். செயின்ட் பிரான்சிஸ் நான்காவது. ஆனால் போட்டியின் மிகச் சிறந்த வீரர் விருதை நான்காம் இடம் பிடித்த அணியின் ஸ்டோக்ஸுக்குத்தான் கொடுத்தார்கள். நான்காவதாக வந்த அணியின் ஆளுக்கு அந்த விருதைத் தர வேண்டுமென்றால், பார்த்தவர்கள் கண்ணில் மற்ற யாருமே நிற்கவில்லை என்று பொருள்.

அந்த மூன்றாம் இடத்து ஆட்டத்தில் எதிரணி சின்சினாட்டி பல்கலைக்கழகம். அதன் முன்னணி வீரர், பிட்ஸ்பர்க்கிலேயே பிறந்து வளர்ந்த இன்னொரு இளைஞர். பெயர் ஜாக் ட்வைமன்.

கேள்வி (பள்ளி அணியின் பயிற்சியாளர்): புள்ளிவிவரம் எல்லாம் அந்தக் காலத்துக்கு உரியது. இன்றைய வீரர்கள் நடுவில் நிற்பாரா?

பதில்: நேர்மையான கேள்வி. நேர்மையாகவே பதில் சொல்கிறேன். 1950-களில் ரீபவுண்டு எண்ணிக்கை எல்லோருக்குமே கூடுதலாகத்தான் இருக்கும். அன்று பந்து அடிக்கடி குறி தவறியது. ஸ்டோக்ஸ் எடுத்த முயற்சிகளிலும் நூற்றுக்கு 35 அளவில்தான் வளையத்துக்குள் விழுந்தன. தவறும் பந்து அதிகமென்றால் பிடிக்க வேண்டிய பந்தும் அதிகம். அதைக் கழித்துவிட்டே பேசுவோம்.

கழித்த பிறகும் மிஞ்சுவது என்ன? என்.பி.ஏ. அணிகள் ஆண்டுதோறும் முறைவைத்துப் புதிய வீரர்களைத் தேர்ந்தெடுக்கும். 1955-இல் ரோச்செஸ்டர் ராயல்ஸ் அணி அவரை நாட்டின் இரண்டாவது தேர்வாக எடுத்தது. நியூயார்க் நிக்ஸுக்கு எதிரான முதல் ஆட்டத்திலேயே 32 புள்ளிகள், 20 ரீபவுண்டுகள், 8 அசிஸ்டுகள் (சக வீரர் புள்ளி எடுக்கப் பந்தைக் கடத்திக் கொடுப்பதுதான் அசிஸ்டு). அந்தப் பருவத்தின் சிறந்த புதுமுக வீரர் அவரே. மறு ஆண்டு 1,256 ரீபவுண்டுகள் பிடித்தது அன்றைய சாதனை. மூன்று பருவங்களையும் சேர்த்துப் பார்த்தால், லீகில் வேறு எவரும் அவ்வளவு ரீபவுண்டுகள் பிடிக்கவில்லை. இங்கே ஒரு நொடி நிறுத்துங்கள். அதே மூன்று பருவங்களில் அசிஸ்டு எண்ணிக்கையில் அவருக்கு மேலே இருந்தவர் ஒரே ஒருவர்தான், பாஸ்டனின் பாப் கௌசி. பந்தைக் கடத்திக் கொடுப்பதையே பிழைப்பாகக் கொண்ட குட்டையான காவல் வீரர் அவர். அவருக்கு அடுத்த இடத்தில், ஆறடி ஏழு அங்குல உயரமும் நூறு கிலோவைத் தாண்டிய எடையும் உள்ள ஒரு முன்கள வீரர்!

பயிற்சியாளரான உங்களுக்கு இதற்குமேல் விளக்க வேண்டியதில்லை. வளையத்தடியில் பந்தைப் பிடித்தவனே அதைத் தட்டிக்கொண்டு எதிர்ப்பக்கம் ஓடி, கடைசி நொடியில் காலியாக நிற்பவனுக்குக் கொடுக்கும் ஆட்டத்தை இன்று வாராவாரம் தொலைக்காட்சியில் பார்க்கிறோம். அன்று பெரிய உடம்புக்காரர் பந்தைப் பிடித்ததும் சின்ன உடம்புக்காரரிடம் ஒப்படைத்துவிட்டு ஒதுங்கிப்போக வேண்டும் என்பதே வழக்கம். ஸ்டோக்ஸ் ஒப்படைக்கவில்லை, தானே கொண்டு போனார். இன்றைய வீரர்கள் நடுவில் நிற்பாரா என்று கேட்டீர்கள். இன்றைய வீரர்கள் போகும் பாதையில் அவர் முன்னாலேயே போய்விட்டார் என்பேன்.

இன்னொன்று. 1956-இல் வீரர்களைத் தேர்வு செய்யும் முதல் வாய்ப்பு ராயல்ஸுக்கு வந்தது. சான் பிரான்சிஸ்கோவிலிருந்து பில் ரசல் என்ற மாபெரும் ரீபவுண்டு வீரர் காத்திருந்தார். ராயல்ஸ் அவரை விட்டுவிட்டு சிஹுகோ கிரீன் என்பவரை எடுத்தது. பணம் உட்பட வேறு காரணங்களும் சொல்லப்படுகின்றன. ஆனால் ரீபவுண்டுக்குத்தான் ஸ்டோக்ஸ் இருக்கிறாரே என்ற எண்ணம் அதில் ஒரு பங்கு. ரசல் பாஸ்டனுக்குப் போய்ப் பதினொரு சாம்பியன் பட்டங்கள் வென்றார். ஸ்டோக்ஸும் ரசலும் ஒரே பனியனில் ஆடியிருந்தால் என்று நினைத்து நான் தூக்கம் கெட்ட இரவுகள் உண்டு.

கேள்வி (ஒரு தாய்): என் மகன் பயிற்சியில் தலை அடிபட விழுந்தான். சிறிது நேரம் கண் சொருகியது. தண்ணீர் தெளித்து மறுபடியும் ஆடவிட்டார்கள். வீட்டுக்கு வந்து நன்றாகத்தான் இருக்கிறான். ஸ்டோக்ஸுக்கு நடந்ததும் இப்படித்தானா?

பதில்: அம்மா, முதலில் மகனை மருத்துவரிடம் அழைத்துப் போங்கள். நன்றாக இருந்தாலும் அழைத்துப் போங்கள். மருத்துவர் சொல்லும்வரை அவன் பந்தைத் தொடக் கூடாது. இதழை மூடி வைத்துவிட்டு முதலில் அதைச் செய்யுங்கள். மீதியை வந்து படிக்கலாம்.

1958 மார்ச் 12. ராயல்ஸ் அணி அப்போது சின்சினாட்டிக்கு மாறியிருந்தது. பருவத்தின் கடைசி லீக் ஆட்டம், மினியாபொலிஸ் லேக்கர்ஸுக்கு எதிராக, அவர்களுடைய ஊரில். ஸ்டோக்ஸ் வளையத்தை நோக்கிப் பாய்ந்தார். எதிரணி வீரரோடு மோதி நிலை தவறி, தலை தரையில் அடிபட விழுந்தார். நினைவு போய்விட்டது. நெடியுள்ள உப்பை மூக்கருகே காட்டித் தெளியவைத்தார்கள். எழுந்தார். மீண்டும் ஆடினார்.

அங்கிருந்த யாரையும் நான் குற்றம் சொல்ல மாட்டேன். எழுந்து நின்றால் சரியாகிவிட்டது என்றுதான் அன்று உலகமே நம்பியது. நானும் ஆசிரியர் வேலையில் சேர்ந்த புதிதில் அப்படித்தான் நம்பினேன். விழுந்த பையன்களைத் தட்டிக்கொடுத்து உள்ளே அனுப்பியிருக்கிறேன். அவர்களில் யாருக்கும் எதுவும் ஆகாதது என் புண்ணியம் இல்லை. இன்று விதி தெளிவாக இருக்கிறது: தலையில் அடிபட்டதாகச் சந்தேகம் வந்தாலே ஆட்டத்திலிருந்து வெளியே எடுக்க வேண்டும், அன்று மீண்டும் இறக்கக் கூடாது. மூளைக்குள் நடக்கும் வீக்கமும் கசிவும் வெளியில் தெரிய மணிக்கணக்கிலும் ஆகலாம், நாள்கணக்கிலும் ஆகலாம்.

ஸ்டோக்ஸுக்கு மூன்று நாளாயிற்று. மார்ச் 15 அன்று டெட்ராய்ட் அணிக்கு எதிராக அடுத்த சுற்று ஆட்டம். அதிலும் ஆடி 12 புள்ளிகளும் 15 ரீபவுண்டுகளும் எடுத்தார். மற்றவர்களுக்கு அது நல்ல ஆட்டம். ஸ்டோக்ஸின் கணக்கில் மந்தமான ஆட்டம். சின்சினாட்டிக்குத் திரும்பும் விமானத்தில் வியர்த்துக் கொட்டி, வாந்தி எடுத்து, செத்துப்போய்விடுவேன் போலிருக்கிறது என்று பக்கத்திலிருந்தவர்களிடம் சொன்னார். பிறகு வலிப்பு வந்தது. நினைவு தப்பியது. வாரக்கணக்கில் மயக்கத்தில் கிடந்து கண் விழித்தபோது, கை கால் எதுவும் அசையவில்லை, பேச்சும் இல்லை. உடலை அசைக்கும் மூளைப் பகுதி சேதமடைந்திருந்தது. சிந்திக்கும் பகுதிக்கு எந்தக் குறையும் இல்லை. எல்லாம் புரிகிறது, எல்லோரையும் தெரிகிறது, விரல் நுனியைக்கூட அசைக்க முடியவில்லை. வயது 24.

கேள்வி (வங்கி ஊழியர்): அணி நிர்வாகமோ லீகோ செலவை ஏற்கவில்லையா? ட்வைமன் ஏன் நடுவில் வந்தார்? அவர் பணக்காரரா?

பதில்: பணக்காரர் இல்லை. ராயல்ஸ் அணியில் ஸ்டோக்ஸோடு ஆடிய சக வீரர். அப்போது அவருக்கு 23 வயது. அன்றைய என்.பி.ஏ.வில் மொத்தமே எட்டு அணிகள். இப்படிப்பட்ட விபத்துக்கான மருத்துவக் காப்பீடும் இல்லை, ஓய்வூதியமும் இல்லை. ஆட்டக்காரர்கள் கோடையில் வேறு வேலை பார்த்தார்கள். ட்வைமன் பார்த்தது காப்பீட்டு நிறுவன வேலை.

பருவம் முடிந்ததும் மற்ற வீரர்கள் அவரவர் ஊருக்குப் போய்விட்டார்கள். ஸ்டோக்ஸின் பெற்றோர் பிட்ஸ்பர்க்கில் இருந்தார்கள். ஆண்டு முழுவதும் சின்சினாட்டியில் குடியிருந்தவர் ட்வைமன். யாராவது செய்ய வேண்டியிருந்தது, நான் அங்கே இருந்தேன் என்பதுதான் பிற்காலத்தில் அவர் தந்த விளக்கத்தின் சாரம். அதற்குமேல் அலங்காரம் எதையும் அவர் சேர்க்கவில்லை.

நீங்கள் வங்கியில் இருப்பதால் இது உடனே புரியும். ஸ்டோக்ஸின் கணக்கில் அவருடைய சொந்தப் பணம் இருந்தது. ஆனால் கையெழுத்துப் போடக் கையில்லை. மருத்துவமனைச் செலவு நாளுக்கு நாள் ஏறுகிறது, சொந்தப் பணத்தைத் தொட வழியில்லை. ஆகவே ட்வைமன் நீதிமன்றத்துக்குப் போய்ச் சட்டப்படியான காப்பாளர் ஆனார். அடுத்து, ஒஹையோ மாநிலத்தின் தொழிலாளர் இழப்பீட்டுக்கு விண்ணப்பித்துப் போராடிப் பெற்றார். எஃகு ஆலையில் இயந்திரம் கவிழ்ந்து அடிபட்டால் இழப்பீடு உண்டென்றால், ஆடுகளமும் வேலையிடம்தானே? இந்த வாதத்தில்தான் அவருடைய மூளையை நான் வியக்கிறேன். அன்பு பலருக்கு உண்டு. படிவம் நிரப்பி, அலுவலகம் அலுவலகமாக ஏறி இறங்கும் பொறுமையோடு சேர்ந்த அன்பு அபூர்வம்.

அதுவும் போதவில்லை. நியூயார்க் மாநிலத்தின் கேட்ஸ்கில் மலையில், மான்டிசெல்லோ அருகே, மில்டன் குட்ஷர் என்பவருடைய விடுதி இருந்தது. அங்கே ஆண்டுதோறும் கோடையில் ஸ்டோக்ஸ் நிதிக்காக ஓர் ஆட்டம் நடந்தது. நாட்டின் முன்னணி வீரர்கள் ஊதியம் வாங்காமல் வந்து ஆடினார்கள். வில்ட் சேம்பர்லின் தவறாமல் வருவார். பள்ளிப் பருவத்தில் அதே விடுதியில் பெட்டி தூக்கி வேலை பார்த்தவர் அவர்.

ட்வைமன் தன் ஆட்டத்தை விட்டுவிடவும் இல்லை. ஸ்டோக்ஸ் இல்லாத முதல் பருவத்தில் ராயல்ஸ் 72 ஆட்டங்களில் 19-ல்தான் வென்றது. அப்படிப்பட்ட அணியில் ஆடிக்கொண்டே, 1959–60 பருவத்தில் ஓர் ஆட்டத்துக்குச் சராசரி 31.2 புள்ளிகள் எடுத்தார். 30-ஐத் தாண்டிய சராசரி அதற்கு முன் லீகில் யாருக்கும் இருந்ததில்லை. அதே பருவத்தில் தாண்டிய இன்னொருவர் சேம்பர்லின்.

கேள்வி (சட்டக் கல்லூரி மாணவர்): 1958-இல் ஒரு வெள்ளையர் ஒரு கறுப்பினத்தவருக்குக் காப்பாளர் ஆனது அமெரிக்காவில் எப்படிப் பார்க்கப்பட்டது?

பதில்: வியப்போடு பார்த்தவர்கள் பலர். அந்த வியப்பே அந்தக் காலத்தைப் பற்றி நிறையச் சொல்கிறது. என்.பி.ஏ.வில் கறுப்பின வீரர்கள் ஆடத் தொடங்கியதே 1950-இல்தான். பொது இடங்களில் இன ஒதுக்கலைத் தடை செய்த சட்டம் 1964-இல் வந்தது. ஸ்டோக்ஸ் லீகில் ஆடிய மூன்று ஆண்டுகளும் அந்தச் சட்டத்துக்கு முந்தியவை.

உங்கள் கேள்வியில் எனக்கு ஒரு சிறு மனத்தாங்கல் இருக்கிறது. உங்கள்மேல் இல்லை, இந்தக் கதை வழக்கமாகச் சொல்லப்படும் விதத்தின்மேல். பெருந்தன்மையுள்ள வெள்ளையர் கொடுக்கிறார், இயலாத கறுப்பினத்தவர் வாங்கிக்கொள்கிறார் என்று இதைச் சுருக்கிவிடுகிறார்கள். விபத்துக்குப் பிந்தைய பன்னிரண்டு ஆண்டுகளில் மிகக் கடினமான வேலையைச் செய்தவர் யார் என்பதை அடுத்த கேள்வியில் சொல்கிறேன்.

கேள்வி (இல்லத்தரசி): பேச்சே இல்லாதவரோடு ட்வைமன் எப்படிப் பேசினார்?

பதில்: எழுத்து எழுத்தாக. ட்வைமன் ஆங்கில எழுத்துகளை ஏ, பி, சி என்று வரிசையாகச் சொல்லிக்கொண்டே போவார். வேண்டிய எழுத்து வந்ததும் ஸ்டோக்ஸ் கண்ணை மூடித் திறப்பார். அந்த எழுத்தை மனத்தில் வைத்துக்கொண்டு மறுபடியும் ஏ-யிலிருந்து தொடங்குவார். ஒரு சொல்லுக்கு இப்படி ஐந்தாறு சுற்று.

இது எவ்வளவு உழைப்பு என்பது எனக்குத் தெரியும், சகோதரி. என் அக்கா பக்கவாதத்தில் பேச்சிழந்து பதினான்கு மாதம் படுத்திருந்தார். ஸ்டோக்ஸைப் பற்றி நான் முதன்முதலில் படித்து வைத்திருந்தது அப்போதுதான் உதவியது. ஆனால் தமிழில் 247 எழுத்துகளை எப்படி வரிசையாகச் சொல்வது? மருமகள்தான் வழி கண்டுபிடித்தாள். ஒரு காலண்டர் அட்டையின் பின்பக்கத்தில் மேல் வரிசையில் க், ச், ட், த், ப், ற் என்று மெய்கள், கீழ் வரிசையில் அ, ஆ, இ, ஈ என்று உயிர்கள். முதலில் மெய்க்கு ஒரு கண் சிமிட்டல், பிறகு உயிருக்கு ஒன்று. இரண்டும் சேர்ந்தால் ஓர் எழுத்து. பசிக்கிறதா, தண்ணீர் வேண்டுமா என்றெல்லாம் நாங்கள் ஊகித்துக்கொண்டிருந்தோம். அக்கா முதன்முதலாகச் சொன்ன சொல் 'ஜன்னல்'. அட்டையில் 'ஜ' இல்லை. 'ச'வில் நிறுத்தி, எங்களை விளங்கிக்கொள்ள வைத்தார். அதைச் சொல்லி முடிக்க இருபது நிமிடம் ஆயிற்று. நெற்றியெல்லாம் வியர்வை. ஜன்னலைத் திறந்தோம். வேப்பமரத்தில் அணில் கத்திக்கொண்டிருந்தது.

அந்த வியர்வையைப் பார்த்த பிறகுதான் ஸ்டோக்ஸ் எனக்குச் சரியாகப் புரிந்தார். கேட்பவர் எழுத்துகளைச் சொன்னால் போதும். சிமிட்டுபவர்தான் முழுச் சொல்லையும் உள்ளே ஏந்திக்கொண்டு, தன் எழுத்து வரும்வரை பொறுத்து, சரியான நொடியில் பிடிக்க வேண்டும். தவறவிட்டால் மறுபடியும் முதலிலிருந்து. துள்ளி வரும் பந்துக்காகக் காத்திருந்து பிடித்தவருக்கு அந்தப் பொறுமை புதிதில்லை.

அதோடு அவர் நிற்கவில்லை. ஆண்டுக்கணக்கில் உடற்பயிற்சி சிகிச்சை. ஆளைத் தூக்கி நிறுத்தி, தாங்கிப் பிடித்து, ஒவ்வோர் அடியாகக் காலை நகர்த்தப் பழக்கினார்கள். விரல்களுக்கு மெல்ல உயிர் வந்தது. தட்டச்சு செய்யக் கற்றுக்கொண்டார். படம் தீட்டினார், மண்பாண்டம் செய்தார். தட்டச்சில் அடித்த முதல் கடிதம் ட்வைமனுக்குச் சொன்ன நன்றி. கேட்ஸ்கில் மலையில் தன் பெயரால் நடந்த ஆட்டத்தைப் பார்க்க நேரில் போகும் அளவுக்கும் தேறினார்.

ட்வைமனைச் சிறியவராக்க இதைச் சொல்லவில்லை. மருத்துவமனைக்குப் போய் ஸ்டோக்ஸைப் பார்த்து வந்தால் தனக்குத்தான் மனம் தெளியும் என்று அவரே சொன்னவர்.

கேள்வி (பத்திரிகை நிருபர்): கடைசிக் காலம்? அவருக்கு உரிய மரியாதை கிடைத்ததா?

பதில்: 1970 ஏப்ரல் 6 அன்று மாரடைப்பில் காலமானார். வயது 36. அவர் விரும்பிக் கேட்டுக்கொண்டபடி, லொரெட்டோவில் செயின்ட் பிரான்சிஸ் கல்லூரி வளாகத்திலேயே, துறவிகளின் கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்தார்கள். தலைமையாசிரியர் ஐயாவுக்குப் பின்னால் சொல்வதாகச் சொன்னது இதுதான். பிறந்த ஊரும் இல்லை, புகழ் தந்த ஊரும் இல்லை. கால்கள் ஓடிக்கொண்டிருந்த நான்கு ஆண்டுகளை எங்கே கழித்தாரோ, அந்த மலையை அவர் தேர்ந்தெடுத்தார். அங்கே உள்ள விளையாட்டு மையம் அவர் பெயரைத் தாங்கியிருக்கிறது.

மரியாதை தாமதமாகத்தான் வந்தது. கூடைப்பந்தின் புகழ் மன்றத்தில் ட்வைமனுக்கு 1983-இல் இடம் கிடைத்தது. ஸ்டோக்ஸுக்கு 2004-இல்தான். மூன்றே பருவங்கள் ஆடியவர் என்ற தயக்கம் முப்பது ஆண்டுகளுக்கு மேல் நீடித்ததை என்னால் இன்றும் ஏற்க முடியவில்லை. அந்த மூன்று பருவங்களிலும் நட்சத்திர ஆட்டத்துக்குத் தேர்வானவர், மூன்றிலும் லீகின் சிறந்த வீரர்கள் பட்டியலின் இரண்டாம் ஐவரில் இடம்பெற்றவர். இதற்கு மேல் என்ன வேண்டும்? 2004-இல் மேடையேறி ஸ்டோக்ஸ் சார்பில் கௌரவத்தைப் பெற்றுக்கொண்டவர் எழுபது வயது ட்வைமன். 2012 மே மாதம் ட்வைமனும் மறைந்தார். மறு ஆண்டு அந்த ட்வைமன்–ஸ்டோக்ஸ் விருது தொடங்கியது. முதலில் பெற்றவர் சான்சி பில்லப்ஸ்.

கேள்வி (எட்டாம் வகுப்பு மாணவன்): அவருடைய பனியன் எண் என்ன? எங்கள் பள்ளி அணியில் நான் அந்த எண்ணைக் கேட்கலாமா? ரீபவுண்டு நன்றாகப் பிடிக்க என்ன செய்ய வேண்டும்?

பதில்: பன்னிரண்டு, தம்பி. அவர் ஆடிய ராயல்ஸ் அணி இன்று சாக்ரமென்டோ கிங்ஸ் என்ற பெயரில் ஆடுகிறது. அங்கே அந்த எண்ணை இனி யாரும் அணிய முடியாது, அரங்கின் மேலே தொங்கவிட்டிருக்கிறார்கள். உன் பள்ளியில் அந்தத் தடை இல்லையே. தாராளமாகக் கேள்.

இப்போது ரீபவுண்டு. எல்லாப் பையன்களும் பந்து மேலே போனதும் வாயைப் பிளந்துகொண்டு பந்தையே பார்ப்பார்கள். நீ முதலில் உன் ஆளைப் பார். அவனுக்கு முதுகைக் காட்டித் திரும்பி, முழங்காலை மடக்கி, இடுப்பால் அவனை உணர்ந்துகொண்டு நில். கையால் பிடிக்காதே, அது பவுல். அவன் உன் பின்னால் இருக்கிறான் என்று முதுகுக்குத் தெரிந்த பிறகு கண்ணைப் பந்துக்குக் கொடு. ஓரத்திலிருந்து எறிந்த பந்து தவறினால் பெரும்பாலும் எதிர் ஓரத்தில்தான் விழும், ஆகவே அந்தப் பக்கம் போய் நில். இரண்டு கையாலும் பிடி, பிடித்ததும் முகவாய்க்குக் கீழே இறுக்கிக்கொள், முழங்கைகளை அகட்டி வை. ஒரு வாரம் தினம் ஐம்பது முறை செய்து பார்த்துவிட்டு, எத்தனை பந்து கைக்கு வந்தது என்று எனக்கு எழுது.